கரண்ட் பில் காணி உறுதி ஆகாது: மின் இணைப்பு, குடியிருப்பு அனுமதித் தகராறுகளில் நம்மவர் விடும் தவறுகள்

இலங்கை மலையகத்தில் வீட்டுப் பிரச்சினை என்று வந்தால் முதலில் வெளியே வருவது பழைய கரண்ட் பில்தான். "இருபது வருசமா எங்க பேர்லதான் வருது" என்பார்கள். வருகிறது, சரி. அந்த விலாசத்தில் நீங்கள் மின்சாரம் பாவிக்கிறீர்கள் என்பதற்கு மேல் அந்தப் பில் எதையும் சொல்லாது. காணி யாருடையது, கட்டிடத்துக்கு அனுமதி இருந்ததா என்பதெல்லாம் வேறு அலுவலகத்து வேறு கடதாசிகள்.

இதற்கு எதிரான தவறும் உண்டு. "காணி உறுதிப் பத்திரம் இல்லை, அதனால் கரண்ட் லைன் கேட்கவே முடியாது" என்று விண்ணப்பிக்காமலே இருந்துவிடுவது. 2009ஆம் ஆண்டின் 20ஆம் இலக்க மின்சாரச் சட்டம் உரிமையாளரோடு சேர்த்து, இடத்தில் குடியிருப்பவரும் மின்சாரம் கேட்கலாம் என்றுதான் வைத்திருந்தது. அதன் இடத்துக்கு 2024இல் 36ஆம் இலக்கச் சட்டம் வந்து, 2025இல் அதுவும் திருத்தப்பட்டுவிட்டது. ஆகவே யாரோ எழுதிய பழைய மனுவைப் பார்த்துப் பிரிவு இலக்கங்களை அப்படியே கொப்பி அடிக்க வேண்டாம்.

தோட்டத்தில் இருப்பவர்களுக்குச் சிக்கல் இன்னும் ஆழம். 1970களில் தோட்டங்கள் அரசுடைமையாயின. 1992இல் நிர்வாகம் கம்பனிகளிடம் போனது. நிலம் அரசினது, கம்பனி குத்தகைக்காரர், லயத்துக் காம்பராவில், அதாவது தோட்டத்து வரிசை வீட்டு அறையில், இருப்பவர் வெறும் குடியிருப்பாளர். இந்த நிலையில் தோட்ட நிர்வாகத்தின் சம்மதக் கடிதத்துக்குப் பெரிய மதிப்பு. நம்மவர்கள் அதை வாய்ப் பேச்சோடு விட்டுவிடுகிறார்கள். "துரை சரின்னு சொன்னாரு." துரை மாற்றலாகிப் போவார், புதிய துரைக்கு ஒன்றும் தெரியாது. இஸ்தோப்பை (முன் விறாந்தையை) அடைத்து அறையாக்கியதற்கும், பின்பக்கம் குசினி இறக்கியதற்கும் இதே கதிதான். திகதி, கையொப்பம், முத்திரை மூன்றும் இருக்கும் கடிதத்தை அன்றைக்கே வாங்குங்கள்.

எங்கள் வீட்டில் நடந்ததையும் சொல்கிறேன். விண்ணப்பம் இரண்டு தடவை திரும்பி வந்தது. காரணம், தோட்டத்துப் பதிவில் தாத்தாவின் பெயர், அடையாள அட்டையில் அப்பாவின் பெயர் வேறு எழுத்தில். சமாதான நீதவான் முன் ஒரு சத்தியக்கடதாசி முடித்திருந்தால் அன்றே தீர்ந்திருக்கும். அதைச் சொல்ல ஆளில்லாமல் எட்டு மாதம் விளக்கு வெளிச்சத்தில் படித்தோம். அந்த எட்டு மாதமும் பக்கத்துக் காம்பராவிலிருந்து வயர் இழுக்கச் சொன்னவர்கள் உண்டு. அனுமதியில்லாத அந்த இழுப்பு பிடிபட்டால், கொடுத்த வீட்டுக்கும் சேர்த்து வினை.

சொந்தக் காணியில் கட்டுபவர்களின் தவறு வேறு. வரைபடத்துக்குப் பிரதேச சபை அனுமதி கொடுத்ததும் வேலை முடிந்தது என்று நினைக்கிறார்கள். கட்டி முடித்த பிறகு, அனுமதித்தபடிதான் கட்டியிருக்கிறது என்று சி.ஓ.சி எனப்படும் இணக்கச் சான்றிதழ் எடுக்க வேண்டும். அது இல்லாமல் குடியேறக்கூடாது என்பது 1915ஆம் ஆண்டின் வீடமைப்பு, நகர மேம்பாட்டுக் கட்டளைச் சட்டம் முதலே இருக்கும் விதி. மேலும், நுவரெலியா, பதுளை, கண்டி போன்ற மண்சரிவு அபாய மாவட்டங்களில் தேசிய கட்டிட ஆராய்ச்சி நிறுவனத்தின் அறிக்கை முதலில் தேவை. மேட்டை வெட்டிவிட்டு அப்புறம் அறிக்கை தேடுவதுதான் நம் ஊர் வழக்கம். 2014 ஒக்டோபர் 29இல் மீரியபெத்தை மண்சரிவைப் பார்த்த பிறகும் அப்படித்தான். அந்த அறிக்கையை அலுவலகத் தொல்லை என்று என்னால் எடுத்துக்கொள்ள முடியவில்லை.

அனுமதியற்ற கட்டிடம் என்று நோட்டீஸ் வந்தால் அலமாரியில் வைக்காதீர்கள். நகர அபிவிருத்தி அதிகார சபைச் சட்டத்தின் கீழ் அடுத்த படி நீதவான் நீதிமன்றம். அங்கே உங்கள் ஏழ்மையை விட, அனுமதிப்பத்திரம் இருக்கிறதா என்பதுதான் பார்க்கப்படும். நோட்டீஸ் சிங்களத்தில் இருந்தால் புரியாமல் கையெழுத்து வைக்காதீர்கள். தமிழில் எழுதவும் தமிழில் பதில் பெறவும் அரசியலமைப்பின் 22ஆம் உறுப்புரை இடம் தருகிறது.

மறுக்கப்பட்டால் காரணத்தை எழுத்தில் கேளுங்கள். தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் விண்ணப்பத்துக்கு முடிவு சொல்ல 14 வேலை நாட்கள். இங்கேதான் பலர் வழுக்கி விழுகிறார்கள். ஒருவருக்குக் கொடுத்து இன்னொருவருக்கு மறுத்தார்கள் என்று உயர் நீதிமன்றத்தில் அடிப்படை உரிமை மனு போட ஒரு மாதமே அவகாசம். பதில் வரட்டும் என்று இருந்தால் அந்த மாதம் போய்விடும். அதே மாதத்துக்குள் மனித உரிமைகள் ஆணைக்குழுவில் முறைப்பாடு கொடுத்தால், விசாரணை நடக்கும் காலம் அந்தக் கணக்கில் சேராது.

பக்கத்து வீட்டுக்காரர் தன் காணிக்கு மேலால் கம்பி போகக்கூடாது என்றால் உடனே பொலிசுக்கு ஓட வேண்டாம். கம்பி போகும் வழியை விசாரிப்பது பிரதேச செயலாளர். வேலித் தகராறும் அதோடு சேர்ந்திருந்தால் மத்தியஸ்த சபைக்கும் போகலாம், அங்கே சட்டத்தரணி தேவையில்லை.