நேராக ஹைகோர்ட்டுக்குப் போவதற்கு முன்

அதிகாரிகளின் உத்தரவையோ செயலையோ எதிர்த்து நேராக ஹைகோர்ட்டில் போடுவது ரிட் மனு. அதோடு போடும் பிரமாணப் பத்திரத்தில் முடிவுக்குப் பக்கத்தில் ஒரு வரி இருக்கும்: ‘எனக்கு வேறு பயனுள்ள மாற்றுப் பரிகாரம் இல்லை’, அதாவது அப்பீல் மாதிரி வேறு வழி இல்லை என்று. பழைய மனுவிலிருந்து எடுத்து ஒட்டிய வரி. நாமும் படிக்காமல் கையெழுத்துப் போட்டுவிடுகிறோம். எதிர்த்தரப்பு வக்கீல் எழுந்ததும் பிடிப்பது அதைத்தான். அப்பீல் இருக்கிறது என்றால் அதை மறைக்காதீர்கள், அது இருந்தும் ஏன் இங்கே வந்தோம் என்று எழுதச் சொல்லுங்கள்.

இதைவிடப் பெரிய தவறு, ரிட் போட்டுவிட்டால் அப்பீல் கெடு நின்றுவிடும் என்று நினைப்பது. நிற்காது. எனக்குத் தெரிந்த ஒரு கடைக்காரருக்கு ஜிஎஸ்டி ஆர்டர் போர்ட்டலில் ஏறியது, தபாலில் எதுவும் வரவில்லை, கணக்குப் பார்ப்பவர் தற்செயலாகத் திறந்து பார்த்தபோது இரண்டு மாதம் போயிருந்தது. ஜிஎஸ்டி சட்டத்தின் 107-வது பிரிவுப்படி அப்பீலுக்கு 3 மாதம், தகுந்த காரணம் காட்டினால் இன்னும் 1 மாதம், அவ்வளவுதான். தகராறில் இருக்கும் வரியில் 10 சதவீதம் முன்பணம் கட்ட வேண்டும் என்றதும் அவருக்கு மனசு வரவில்லை, ரிட் போட்டார். மனு விசாரணைக்கு வருவதற்குள் அந்த 4 மாதமும் தீர்ந்துபோனது. கெடுவைக் கோட்டைவிட்டு ரிட்டில் ஈடுகட்டலாம் என்பதைச் சுப்ரீம் கோர்ட் 2020-ல் கிளாக்ஸோ வழக்கில் ஏற்கவில்லை.

அப்புறம் எஃப்ஐஆர் விஷயம். ஸ்டேஷனில் புகாரை வாங்கவில்லை என்றால் கோபத்தில் நேராக ஹைகோர்ட் என்கிறார்கள். முதலில் புகாரை எழுதி எஸ்.பி.க்குத் தபாலில் அனுப்புங்கள், ரசீதைப் பத்திரப்படுத்துங்கள், அதற்கும் அசையவில்லை என்றால் மாஜிஸ்திரேட்டிடம் போங்கள். 2007-ல் சகிரி வாசு வழக்கில் சுப்ரீம் கோர்ட் சொன்னதும் இதுதான். 2024 ஜூலை முதல் நடப்பில் இருக்கும் புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில், எஸ்.பி.க்கு எழுதியதைக் காட்டி பிரமாணப் பத்திரத்தோடுதான் மாஜிஸ்திரேட்டிடம் மனு கொடுக்க முடியும். அதனால் தபால் ரசீது தொலைந்தால் திண்டாட்டம்தான்.

சரி, அப்பீல் இருந்தாலே ரிட் கூடாதா? அப்படியும் இல்லை. உங்களைக் கேட்காமலே ஆர்டர் போட்டது, அதிகாரமே இல்லாதவர் போட்டது, அடிப்படை உரிமை பறிபோனது, சட்டமே செல்லாது என்று வாதிடுவது, இவற்றுக்கு வழி உண்டு என்று 1998-ல் வேர்ல்பூல் வழக்கில் சுப்ரீம் கோர்ட் சொல்லியிருக்கிறது. ஆனால் ‘அதிகாரி தப்பாகக் கணக்குப் போட்டார்’ என்பது இதில் சேராது, அது அப்பீலில் பேச வேண்டியது.

ஏற்கெனவே ரிட் போட்டாச்சு, எடுபடாது என்று தெரிகிறது என்றால், தள்ளுபடி ஆகும்வரை உட்கார்ந்திருக்க வேண்டாம். அப்பீலுக்குப் போக அனுமதியோடு வாபஸ் வாங்கி, ரிட் நிலுவையில் இருந்த நாட்களைக் கெடுவில் சேர்க்கக் கூடாது என்று அந்த உத்தரவிலேயே எழுதித் தரும்படி கேளுங்கள். வாயால் சொன்னால் அப்பீல் அதிகாரி கேட்கமாட்டார். அந்தக் கடைக்காரருக்கு அவருடைய வக்கீல் அப்படிக் கேட்டு அப்பீல் போட 2 வாரம் வாங்கிக் கொடுத்தார். அந்த 10 சதவீதத்தை அவர் கட்டத்தான் வேண்டியிருந்தது, ரிட் செலவு தனி.