முன்பக்கம் கோபுரம், பின்பக்கம் காடு: பூத்தையலில் நாம் விடும் பிழைகள்

கொழும்பு வெள்ளவத்தையில் எங்கள் வீட்டுக்குச் சனிக்கிழமைகளில் நாலைந்து பேர் ஊசியும் நூலுமாக வருவார்கள். போன மாதம் அதில் ஒரு பிள்ளை, "அன்ரி, கசூதி முடிச்சிட்டன், பாருங்கோ" என்று ஒரு சட்டைத் துணியை நீட்டினாள். கசூதி என்பது வடகர்நாடகத்தில், தார்வாட் பக்கத்தில் வளர்ந்த பூத்தையல். மெல்லிய வெள்ளைப் பருத்தியில் சிவப்புக் கோபுரம். கோபுரம் நேராகத்தான் நின்றது. ஆனால் வெளிச்சத்துக்குப் பிடித்ததும் கோட்டுக்குப் பின்னால் இன்னொரு கோடு தெரிந்தது. இடையிடையே உளுந்து சிதறினதுபோல முடிச்சுகள். துணியைத் திருப்பினேன். ஒரே காடு.

அது கைப்பிழை இல்லை. பள்ளிக்கூடத்தில் மனைப்பொருளியலில் படித்த பின்தையலை அப்படியே கசூதிக்குக் கொண்டுபோய்விட்டாள். முன்னால் பார்த்தால் இரண்டுக்கும் வித்தியாசமே தெரியாது. பின்தையலில் ஊசி ஒரு தையல் அளவு பின்னுக்கு வந்து குத்தி, துணிக்குக் கீழே இரண்டு தையல் அளவு தாண்டி முன்னுக்குப் போகும். அதனால் கீழே நூல் இரட்டிப்பாகப் படியும். கசூதியின் கவந்தித் தையல் வேறு கணக்கு. போகும்போது ஒன்று விட்டு ஒன்றாகத் தைத்துக்கொண்டு போக வேண்டும். அதே வழியில் திரும்பி வரும்போது விட்ட இடங்களை நிரப்ப வேண்டும். அப்போது துணியின் இரண்டு பக்கமும் ஒன்றுபோல இருக்கும். முடிச்சும் கிடையாது, தொடக்க நூலையும் கடைசி நூலையும் தையலுக்குள்ளேயே ஓட்டி மறைத்துவிடுவார்கள்.

இதில் கஷ்டம் தைப்பதில் இல்லை, வழி போடுவதில்தான். கோபுரத்தில் ஒரு கிளை வந்தால் உடனே அதில் திரும்பி, நுனிவரை போய், நிரப்பிக்கொண்டே பழைய கோட்டுக்கு வந்துவிட வேண்டும். கிளையை விட்டுவிட்டு மேலே போய்விட்டால் அப்புறம் அதற்காகப் பின்பக்கமாகத் தாவ வேண்டி வரும், காடு அங்கேதான் முளைக்கிறது. கார்பன் தாளில் படம் எடுப்பதும் வேண்டாம். கசூதி நெசவு இழையை எண்ணித் தைக்கிற வேலை. கட்டத்தாளில் வரைந்து, விரலால் ஒருமுறை அந்த வழியில் நடந்து பார்த்துவிட்டு ஊசியை எடுங்கள். இதே தையல் ஐரோப்பாவிலும் உண்டு. 16ஆம் நூற்றாண்டு ஓவியர் ஹோல்பைன் வரைந்தவர்களின் கழுத்துப்பட்டியிலும் கைமடிப்பிலும் இது தெரிவதால், அவர் பெயரிலேயே ஹோல்பைன் தையல் என்கிறார்கள்.

நான் பார்க்கிற பிழைகளில் பாதிக்கு மேல் இந்த ரகம்தான். ஒரு ஊரின் சட்டத்தை இன்னொரு ஊர்த் தையலுக்குப் போடுவது. இதற்கு என்னிடம் உள்ள நல்ல உதாரணம், எல்லாருக்கும் தெரிந்த வெறும் ஓட்டுத்தையல். வங்காளத்துக் காந்தாவும் அதுதான், ஜப்பானின் சஷிகோவும் அதுதான். பழைய சேலைகளை அடுக்கி, சேர்த்துத் தைத்துப் போர்வை ஆக்குவது காந்தா. நூலைச் சற்று இறுக்கி இழுப்பதால் துணி முழுக்கத் தண்ணீர் அசைவதுபோல ஒரு சுருக்கம் விழும். அழகே அந்தச் சுருக்கம். அதைப் போய்ப் பூத்தையல் வளையத்தில் இறுக்கிப் பூட்டித் தைத்து, முடிந்ததும் அழுத்தி அயன் பண்ணினால் என்ன மிஞ்சும்? புதுத் துணியும் சரிவராது, விறைக்கும். அலுமாரியில் கிடக்கிற பழைய நூல் சேலையோ வேட்டியோதான் அதற்கு வாகானது.

சஷிகோவில் அதே சுருக்கம் பிழை. கருநீலத் துணியில் வெள்ளை நூலால், முன்பு உழைப்பாளிகளின் உடையை ஒட்டுப்போட்டு உறுதியாக்க வந்த வேலை அது. ஒரு வரி ஓட்டியதும் துணியைப் பிடித்து விரலால் நீவி, நூலைப் பரவ விட வேண்டும். மூலை திரும்பும்போது பின்பக்கம் கொஞ்சம் நூலைத் தளர்வாக விட வேண்டும், இல்லாவிட்டால் முதல் கழுவலிலேயே மூலை சுருண்டுவிடும். கோடுகள் சந்திக்கிற நடு இடத்தில் தையல்கள் ஒன்றின்மேல் ஒன்று ஏறாமல் ஒரு சின்ன வெற்றிடம் விடுவதும் வழக்கம். காந்தா பழகின கைக்கு இந்தத் தளர்வு வர நாளாகும். எனக்கு வந்தது மூன்றாவது துணியில்.

லக்னோவின் சிக்கன் என்கிற பூத்தையலில் நிழல்போலத் தெரிகிற பகுதியைப் பின்பக்கத்தில் மீன்முள் தையலாகப் போடுவார்கள்; நூலின் நிறம் துணி வழியாக மங்கலாக முன்னுக்கு வரும். மல் துணிபோல மெல்லியதில்தான் அது நடக்கும். கெட்டியான பொப்ளினில் தைத்துவிட்டு நிழலைத் தேடாதீர்கள். பஞ்சாபின் புல்காரியையும் பின்பக்கமிருந்துதான் தைக்கிறார்கள். நீலகிரித் தோடர்களோ ஒரு படி மேலே. வெள்ளைத் துணியில் சிவப்பும் கறுப்புமாகத் தைத்து, நாம் அடிப்பக்கம் என்று நினைக்கிற கரடான பக்கத்தையே முகப்பாக வைத்துக்கொள்கிறார்கள். அதனால் "பின்பக்கம் அசிங்கமாய்த்தான் இருக்கும்" என்று யாராவது சொன்னால் எந்த ஊர்த் தையல் என்று கேளுங்கள்.

இப்போது கொழும்பில் கல்யாண பிளவுஸ் என்றால் ஆரி வேலைதான். அதில் ஒரே ஒரு எச்சரிக்கை. கொக்கி ஊசி போடுவது தொடர் சங்கிலி. கடைசிக் கண்ணியைப் பூட்டாமல் நூலை வெட்டினால், அரிசிச் சாக்கின் வாய்நூலை இழுத்ததுபோலச் சரசரவென்று முழுதும் கழன்றுவிடும். ஒவ்வொரு இதழ் முடிவிலும் பூட்டிவிட்டுத்தான் அடுத்ததற்குப் போக வேண்டும். துணியின் இழையை வெட்டி எடுத்துச் செய்கிற நோர்வேயின் ஹார்டாங்கரிலும் அவசரம் ஆகாது. நாலு இழைக்கு ஐந்து தையல் சேர்ந்தது ஒரு கட்டு; அந்தக் கட்டுகளைச் சுற்றிலும் போட்டு முடித்த பிறகே உள்ளே இழையை வெட்ட வேண்டும். அதுவும் கட்டு இருக்கிற பக்கத்தில் மட்டும்.

தெற்கே காலி, வெலிகம பக்கத்துப் பீரலு லேஸைக் காட்டி "இது என்ன தையல்?" என்று கேட்கிறார்கள். தையலே இல்லை, மரக்கட்டைகளில் சுற்றின நூல்களைத் தலையணைமேல் குண்டூசி குத்தி மாற்றி மாற்றிப் பின்னுவது அது.

எந்த ஊர்த் தையலானாலும் கடற்காற்று நம்முடையது. துணியில் ஊசியைக் குத்தி வைத்துவிட்டுப் போனால் இரண்டு வாரத்தில் துருக்கறை விழும், அது லேசில் போகாது. வளையத்தையும் இரவில் கழற்றிவிடுங்கள். சிவப்பு நூலை முதலில் ஈரமான வெள்ளைத் துணியில் தேய்த்துப் பாருங்கள். உப்புத் தண்ணீரில் ஊறவைத்தால் சாயம் நிற்கும் என்பதை நம்பி, சாமிப் படத்துக்கு விரிக்கத் தைத்த ஒரு துணியை நான் ரோஜா நிறமாக்கியிருக்கிறேன். சாயம் கசிந்துவிட்டால் காயவிடாமல், ஓடுகிற குளிர்ந்த நீரில் தெளியும்வரை அலசுவதுதான் வழி. நூலும் ஒரு முழத்துக்குமேல் வேண்டாம். நீள நூல் துணிக்குள் போய்வந்தே பஞ்சாகிவிடும்.

புறக்கோட்டையில் "கைவேலை" என்று சொல்லி விற்பதை வாங்கும்போதும் திருப்பிப் பாருங்கள். பூவின் நிறம் எதுவானாலும் அடியில் ஒரே மெல்லிய வெள்ளை நூல் சீராக ஓடினால் பெரும்பாலும் அது மெஷின் வேலை.

அந்தப் பிள்ளை கோபுரத்தைப் பிரிக்கத் தீர்மானித்தாள். இழுத்துப் பிரிக்க வேண்டாம் என்றேன். பின்பக்கம் சின்னக் கத்தரியால் துண்டு துண்டாக வெட்டி, முன்பக்கம் ஊசி முனையால் எடுக்கச் சொன்னேன். ஊசித்துளை தெரிந்த இடத்தில் துணியை நனைத்து நகத்தால் குறுக்கும் நெடுக்கும் மெல்லச் சுரண்டினாள். இழைகள் நகர்ந்து துளை மூடிக்கொண்டது. இப்போது கட்டத்தாளில் பென்சிலால் வழி போட்டுக்கொண்டிருக்கிறாள்.