எலுமிச்சம்பழத்தில் தொடங்குங்கள்: தோட்டத்துப் பிள்ளைகளுக்கு மாஃபியா வரலாறு நடத்தும் முறை

மாஃபியாவைப் பற்றி இளம்பிள்ளைகளுக்கு வகுப்பு எடுக்க நினைப்பவர்களுக்கு என் முதல் ஆலோசனை: துப்பாக்கியில் தொடங்காதீர்கள், கணக்கில் தொடங்குங்கள். மலேசியாவின் பேராக் மாநிலத்தில், சுங்கை சிப்புட்டில் எங்கள் கோயில் மண்டபத்தில் சனிக்கிழமை மாலைகளில் நான் அப்படித்தான் நடத்துகிறேன். தோட்டத்தில் கிராணியாக, அதாவது கணக்கராக இருந்து, செக்ரோல் என்னும் கூலிப் பதிவேடு எழுதியே தலை நரைத்தவன் நான். யார் கொடுத்தார், யார் வாங்கினார், நடுவில் எவ்வளவு காணாமல் போனது என்று பார்க்காமல் எனக்குக் கதை கேட்கத் தெரியாது. கோட்டும் தொப்பியும் போட்ட வீரர்களைப் பிள்ளைகள் கைப்பேசியிலேயே வேண்டிய மட்டும் பார்த்துவிட்டார்கள்.

கரும்பலகையின் நடுவில் ஒரு கோடு போடுங்கள். இடப்பக்கம் மாஃபியா பிறந்த இத்தாலியத் தீவு, சிசிலி. அங்கே 1812-இல் நிலப்பிரபுத்துவம் சட்டப்படி ஒழிந்தது; பெரிய பண்ணைகள் ஒழியவில்லை. முதலாளிகள் பலெர்மோ நகரத்தில் உட்கார்ந்துகொண்டு நிலத்தைக் குத்தகைக்கு விட்டார்கள். அந்தக் குத்தகைக்காரனுக்கு கபெல்லோத்தோ என்று பெயர். அவனுக்குக் கீழே ஆயுதம் ஏந்திய காவல்காரர்கள். பலெர்மோவைச் சுற்றி எலுமிச்சை விளைந்தது, கப்பலேறி அயல்நாடுகளுக்குப் போனது, பணம் கொட்டியது. எலுமிச்சை மரத்துக்குக் கோடையில் தண்ணீர் பாய்ச்சியே ஆக வேண்டும். வாய்க்காலை அடைத்தால் தோட்டக்காரன் காலில் விழுவான். இரவில் காய் பறித்துப் போகிறவனும் மறுநாள் காலையில் காவலுக்கு ஆள் வேண்டுமா என்று வந்து கேட்கிறவனும் ஒரே கூட்டம். மாஃபியாவின் தொழில் இதுதான் என்று இந்த இடத்திலேயே சொல்லிவிடுங்கள்: பயத்தையும் அவனே விற்பான், பாதுகாப்பையும் அவனே விற்பான்.

வலப்பக்கம் நம் தோட்டம். லண்டனில் முதலாளி, இங்கே தோட்டத்தை நடத்தும் துரை, அவருக்குக் கீழே கிராணி, கூலிகளை மேய்க்கும் கங்காணி. ஊருக்குப் போய் ஆள் பிடித்து வந்த கங்காணிக்குத் தலைக்காசு. வந்தவர் தலையில் முன்பணக் கடன். அரசு உதவியோடு தோட்டக்கூலிகள் கப்பலேறுவதை 1938-இல் இந்திய அரசு நிறுத்தும்வரை இப்படித்தான் நடந்தது. கங்காணிகளை மாஃபியா என்று சொல்லிவிடாதீர்கள். அது பொய், வகுப்பில் கங்காணி வீட்டுப் பேரப்பிள்ளைகளும் உட்கார்ந்திருப்பார்கள். முதலாளி தூரத்திலும் சட்டம் அதைவிடத் தூரத்திலும் இருக்கும் இடத்தில் நடுவில் நிற்பவனுக்கு எவ்வளவு பலம் சேர்கிறது என்பதை மட்டும் காட்டினால் போதும்.

அடுத்த வகுப்பு லாருட், தைப்பிங்கைச் சுற்றியுள்ள பழைய ஈயச் சுரங்க வட்டாரம். இதற்கு அதிக நேரம் ஒதுக்குங்கள், ஏனென்றால் கோலகங்சாரைத் தாண்டினால் தைப்பிங், பிள்ளைகளுக்குத் தெரிந்த ஊர். ஈயச் சுரங்கங்களுக்காகவும் அவற்றுக்குத் தண்ணீர் கொண்டுவந்த கால்வாய்களுக்காகவும் கீ ஹின், ஹாய் சான் என்ற இரண்டு சீன ரகசியச் சங்கங்கள் 1861 முதல் 1873 வரை அடித்துக்கொண்டன. மறுபடியும் தண்ணீர், பிள்ளைகளே அதைக் கண்டுபிடிக்கட்டும், நீங்கள் முந்திக்கொள்ளாதீர்கள். சுரங்கக் கூலிக்கு அரிசியும் அபினியும் கடனாகக் கொடுத்தவன் அவனுடைய தலைவனே. 1874 ஜனவரி 20-இல் பங்கோர் ஒப்பந்தம் வந்தது, பிரிட்டிஷ்காரன் உள்ளே நுழைந்தான். பிறகு நடந்ததை நிதானமாகச் சொல்லுங்கள். ஹாய் சான் தலைவர் சுங் கெங் குவீ, கீ ஹின் தலைவர் சின் ஆ யாம், இருவரும் பேராக் மாநில மன்றத்தில் உறுப்பினர்களாகப் பக்கத்துப் பக்கத்தில் உட்கார்ந்தார்கள். சுங் கெங் குவீ பின்னாளில் பினாங்கில் கீ ஹின் தலைமையகம் இருந்த இடத்தையே விலைக்கு வாங்கி மாளிகை கட்டினார். இன்றைக்கு அது அருங்காட்சியகம். டிக்கெட் வாங்கிக்கொண்டு போய்ப் பார்க்கலாம். வெட்டுப்பட்ட கூலிகளுக்கு என்ன கிடைத்தது என்று கேளுங்கள். என் வகுப்பில் இந்தக் கேள்விக்கு யாரும் சிரிப்பதில்லை.

சத்தியச் சடங்கை மறைக்காதீர்கள்; நீங்கள் சொல்லாவிட்டால் வேறொருவன் இன்னும் கவர்ச்சியாகச் சொல்வான். சிசிலியில் விரலைக் குத்தி, ரத்தத்தைப் புனிதர் படத்தில் தடவி, படத்தைக் கையிலேயே எரிப்பார்கள். துரோகம் செய்தால் என் உடலும் இப்படியே எரியட்டும் என்று சொல்ல வேண்டும். சீனச் சங்கங்களில் 36 சத்தியங்கள், சேவல் அறுப்பு. கண்கள் விரியும். விரியட்டும். உடனே சிசிலி மாஃபியாக்காரர் தொமாசோ புஷெத்தாவுக்கு வாருங்கள். அதே சத்தியம் செய்தவர். 1982-இல் அவருடைய இரண்டு மகன்கள் காணாமல் போனார்கள், அண்ணன், மருமகன் என்று ஒவ்வொருவராகச் சுடப்பட்டார்கள். செய்தது எதிரி நாட்டுக்காரன் இல்லை, சொந்தக் கூட்டம். 1984-இல் அவர் நீதிபதி ஜொவான்னி ஃபால்கோனேயிடம் வாய் திறந்தார். 1986 பிப்ரவரியில் பலெர்மோவில் 475 பேர் மீது பெரு வழக்கு தொடங்கியது. 1992 மே 23-இல் நெடுஞ்சாலையில் குண்டு வைத்து ஃபால்கோனேயைக் கொன்றார்கள். குழந்தைகள் மேல் கைவைக்க மாட்டார்கள் என்று எவனாவது சொன்னால், வாய் திறந்த ஒருவரின் மகனை 12 வயதில் கடத்தி, 1996-இல் கொன்று அமிலத்தில் கரைத்ததைச் சொல்லுங்கள். இதைப் பதினைந்து வயதுக்கு மேற்பட்டவர்களுக்கு மட்டும் சொல்கிறேன்.

பிறகு ஒரு கணக்குப் போட வையுங்கள். நம் ஊர் மளிகைக் கடை மாதம் 300 ரிங்கிட் கும்பலுக்குக் கட்டுகிறது என்று வைத்துக்கொள்வோம். அந்தப் பணம் எங்கிருந்து வரும்? அரிசி, எண்ணெய், பால்மாவு விலையில் பிள்ளைகளே பிரித்துப் போடுவார்கள். பெரும்பாலும் ஒரு பெண் பிள்ளைதான் முதலில் நிமிர்ந்து, "அப்படியென்றால் எங்கள் அம்மாதான் கட்டுகிறார், சார்" என்பாள். கடைக்காரர் மறுக்கக் கூடாதா என்று கேட்டால் லிபெரோ கிராஸ்ஸியைச் சொல்லுங்கள். பலெர்மோவில் துணித் தொழிற்சாலை நடத்தியவர். 1991 ஜனவரியில் பத்திரிகையில் பகிரங்கக் கடிதம் எழுதி, கட்ட முடியாது என்றார்; மற்ற வியாபாரிகள் ஒதுங்கிக்கொண்டார்கள்; ஆகஸ்ட் 29-இல் சுட்டுக் கொன்றார்கள். கதையை அங்கே நிறுத்தினால் பயம் மட்டுமே மிஞ்சும். 2004-இல் அதே நகரத்து இளைஞர்கள் ஒரே இரவில் ஊர் முழுக்க ஒட்டுத்தாள் ஒட்டியதையும், கப்பம் கட்டாத கடைகளில் மட்டுமே வாங்கும் இயக்கத்தை வளர்த்ததையும் சேர்த்துச் சொல்லுங்கள்.

நம் ஊர்க் கும்பல்கள் பெயராக வைத்துக்கொள்ளும் எண்களைப் பலகையில் எழுதாதீர்கள். 2013-இல் உள்துறை அமைச்சு 49 கும்பல்களைச் சட்டவிரோதமானவை என்று பெயர் சொல்லி அறிவித்தது, அவற்றில் நம் பிள்ளைகள் ஏராளம் என்ற அளவில் நிறுத்திக்கொள்ளுங்கள். யார் எதில் இருக்கிறார் என்று ஒருபோதும் கேட்காதீர்கள். சட்டத்தை ஒரே வரியில் சொல்லலாம்: குற்றக் கும்பலில் உறுப்பினர் என்று தண்டனைச் சட்டம் 130வி பிரிவின்கீழ் நிரூபணமானால் குறைந்தது 5 ஆண்டு, அதிகபட்சம் 20 ஆண்டு சிறை. சொற்பொழிவு வேண்டாம்.

பின்வரிசையில் பழக்கமில்லாத தம்பி ஒருவர் வந்து உட்காரலாம். பெயர் கேட்காமல் தேநீர் கொடுங்கள். அன்றைக்கு எந்தப் பாடமானாலும் ஒத்திவைத்துவிட்டு, லாருட்டில் மாநில மன்றத்துக்குப் போனவர் யார், மண்ணுக்குள் போனவர் யார் என்ற பகுதியை மறுபடியும் நடத்துங்கள்.