நிலத்தகராறும் காவல் நிலையமும்: ஜூனியர்கள் தவிர்க்க வேண்டிய தவறுகள்

எல்லைக்கல்லைப் பிடுங்கிப் போட்டுவிட்டார்கள் என்று கட்சிக்காரர் வந்து நின்றதும், ஜூனியர் வக்கீல்கள் பலர் முதலில் எழுதுவது போலீஸ் புகார்தான். முதலில் பார்க்க வேண்டியது காலண்டரை; வழக்குப் போடக் கெடு இருக்கிறது. பட்டா இருந்தாலே உரிமை வந்துவிடாது என்பது போன்ற பாலபாடங்கள் உங்களுக்கே தெரியும்.

சி.எஸ்.ஆர். ரசீதை வழக்கு என்று நினைப்பது

அது மனு வாங்கியதற்கான ரசீது. வழக்குப் பதிவானதைக் காட்டும் எஃப்.ஐ.ஆர். வேறு.

ஆறு மாதத்தை ஸ்டேஷனில் கரைப்பது

இதை நினைத்தால் இன்றும் எனக்கு ஆத்திரம் வருகிறது. கணவர் இறந்தபின் ஒரு காலிமனையைத் தனியாகப் பராமரித்து வந்த அம்மா ஒருவர். ஒருநாள் காலையில் போய்ப் பார்த்தால், கொழுந்தனார் கம்பிவேலி போட்டுப் பூட்டியிருக்கிறார். அவருக்குக் கிடைத்த வக்கீல் ஸ்டேஷனுக்கு அழைத்துப் போனார். "ரெண்டு பேரும் டாக்குமென்ட் எடுத்துக்கிட்டு வாங்க" என்றார்கள். எதிர்த்தரப்பு வாய்தா மேல் வாய்தா கேட்டது. இன்ஸ்பெக்டர் மாறினார். பிறகு எஸ்.பி. அலுவலகம், பிறகு திங்கட்கிழமை கலெக்டர் குறைதீர் கூட்டம். "பேசி முடிச்சுத் தர்றோம்னு சொன்னாங்க ஐயா" என்று அந்த அம்மா என்னிடம் வந்தபோது ஒன்பது மாதம் ஓடிவிட்டது.

1963-ஆம் ஆண்டின் குறித்தவகைத் தீர்வழிச் சட்டத்தின் 6-ஆவது பிரிவு இவரைப் போன்றவர்களுக்காகவே இருக்கிறது. பத்திரம் யாரிடம் இருக்கிறது என்ற விசாரணை அதில் கிடையாது. நிலத்தை அனுபவத்தில் (கைவசம்) வைத்திருந்த நபரை அவர் சம்மதமின்றி, சட்ட நடவடிக்கை எதுவுமின்றி வெளியேற்றினார்களா என்பதே கேள்வி. தீர்ப்பின் மேல் அப்பீலும் இல்லை. அரசுக்கு எதிராக மட்டும் இந்த வழக்குப் போட முடியாது. ஆனால் வெளியேற்றிய நாளிலிருந்து ஆறு மாதத்துக்குள் தாக்கல் செய்தாக வேண்டும். போலீஸில் மனு நிலுவையில் இருக்கிறது என்பதற்காக அந்தக் கெடு நிற்காது.

ஆர்.டி.ஓ.விடம் போகும் வழியிலும் கெடு உண்டு. அமைதிக்குப் பங்கம் வரும் என்ற நிலையில், பி.என்.எஸ்.எஸ். என்ற புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 164-ஆவது பிரிவில் (பழைய சட்டத்தில் 145) நிலம் யார் அனுபவத்தில் இருக்கிறது என்று ஆர்.டி.ஓ. விசாரிக்கலாம். போலீஸ் அறிக்கையோ வேறு தகவலோ அவருக்குக் கிடைத்த நாளுக்கு முந்தைய இரண்டு மாதத்துக்குள் அநியாயமாக வெளியேற்றப்பட்டிருந்தால், அந்த நபரே அனுபவத்தில் இருப்பதாகக் கொள்ள முடியும். அந்த அம்மாவின் மனு ஆர்.டி.ஓ.விடம் போகவே இல்லை.

இப்போது அவர் நிலம் தனக்கே சொந்தம் என்ற உரிமை விளம்புகை கேட்டு, சுவாதீனம் (நிலத்தைத் திரும்ப ஒப்படைக்க) கேட்டு, தாய்ப்பத்திரத்திலிருந்து ஒவ்வொன்றாக நிரூபிக்க வேண்டும். அதன்பின் அப்பீல், இரண்டாம் அப்பீல். ஒரு வாரத்தில் வழக்குப் போட்டிருந்தால் இத்தனையும் தேவைப்பட்டிருக்காது. புகார் கொடுப்பதைத் தடுக்கவில்லை; அதே வாரத்தில் பிராதும் (சிவில் வழக்கு மனுவும்) தயாராகட்டும்.

ஸ்டேஷனில் எழுதிக் கொடுப்பது

"இனி அந்த இடத்துக்குள் போகமாட்டேன்" என்று எழுதிக் கையெழுத்துப் போட்டுவிட்டு வெளியே வருகிறார்கள். பிறகு அந்தத் தாளை எதிர்த்தரப்பு சிவில் கோர்ட்டில் ஒப்புதலாகக் காட்டுகிறது. யாருக்குச் சொந்தம், யார் காலி செய்ய வேண்டும் என்று தீர்மானிக்கும் அதிகாரம் போலீஸுக்கு இல்லை. "கோர்ட்டில் பார்த்துக்கொள்கிறோம்" என்று எழுதிக் கொடுத்தால் போதும்.

தடையாணை வந்தால் போலீஸ் தானாக வரும் என்று நம்புவது

வராது. போலீஸ் பாதுகாப்பு கேட்டு அதே கோர்ட்டில் தனியாக மனுப் போடுங்கள். எதிர்த்தரப்பு தடையாணையை மீறினால், நடவடிக்கை கேட்க உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் ஆணை 39, விதி 2ஏ இருக்கிறது.

எல்லாவற்றையும் மோசடி என்று எழுதுவது

தனக்குரியது என்று சொல்லி ஒருவர் மற்றவர் நிலத்தை விற்றுவிட்டால், அதனாலேயே அந்தக் கிரயப்பத்திரம் போலி ஆவணம் ஆகிவிடாது என்று 2009-இல் முகமது இப்ராகிம் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. ஆள்மாறாட்டம், கள்ளக் கையெழுத்து வேறு விஷயம்.

உண்மையான குற்றத்தை சிவில் என்று விட்டுவிடுவது

அடித்தார்கள், மிரட்டினார்கள், சுவரை இடித்தார்கள் என்றால் அது குற்றம். "சிவில் மேட்டர்" என்று திருப்பி அனுப்பினால் பி.என்.எஸ்.எஸ். 173(4)-இன்படி எஸ்.பி.க்குத் தபாலில் புகார் அனுப்பி, ஒப்புகை அட்டையை வைத்துக்கொள்ளுங்கள். அதற்கும் நடவடிக்கை இல்லையென்றால், போலீஸ் விசாரணைக்கு உத்தரவிடக் கேட்டு மாஜிஸ்திரேட் முன் 175(3) மனு. அதற்கு எஸ்.பி.க்கு அனுப்பிய புகாரின் நகலும் பிரமாண வாக்குமூலமும் வேண்டும்.