பெரிய கேம் மட்டும் புது டிரைவுக்கு நகரவில்லை: என் அனுபவம்

கம்ப்யூட்டரின் எஸ்எஸ்டி நிரம்பிவிட்டதால் கேம்களை எக்ஸ்டர்னல் டிரைவுக்கு மாற்ற ஆரம்பித்தேன். சின்ன கேம்கள் எல்லாம் ஒழுங்காகப் போயின. ஒரு பெரிய கேம் மட்டும் பாதியில் நின்று ‘டிஸ்க் ரைட் எரர்’ என்றது. டிரைவில் பாதிக்கு மேல் காலி.

கேபிளை மாற்றினேன், வேறு யுஎஸ்பி போர்ட்டில் செருகினேன், ஆன்டிவைரஸை நிறுத்தினேன், டிஸ்க்கில் பிழை இருக்கிறதா என்று சோதித்தேன். பலனில்லை. நாட்கள்தான் வீணாயின.

கவனிக்க வேண்டியது இதுதான்: ஒவ்வொரு முறையும் ஒரே ஃபைலில்தான் நின்றது. அதன் அளவு 6 ஜிபிக்கு மேல். அதை மட்டும் ஃபைல் எக்ஸ்ப்ளோரரில் காப்பி செய்தபோதுதான் விண்டோஸ் உண்மையைச் சொன்னது: இந்த டிரைவின் ஃபைல் சிஸ்டத்துக்கு (டிரைவில் ஃபைல்களை அடுக்கிவைக்கும் முறைக்கு) ஃபைல் மிகப் பெரியது. டிரைவின் பிராப்பர்ட்டீஸில் பார்த்தால் ஃபேட்32 என்ற பழைய ஃபைல் சிஸ்டம்! அதில் எவ்வளவு இடம் இருந்தாலும் தனி ஃபைல் ஒன்று 4 ஜிபியை எட்டக் கூடாது.

முக்கியமானவற்றை பேக்கப் எடுத்துக்கொண்டு, கமாண்ட் பிராம்ப்ட்டை அட்மினிஸ்ட்ரேட்டராகத் திறந்து, கன்வெர்ட் கட்டளையால் டிரைவை இந்த 4 ஜிபி வரம்பு இல்லாத என்டிஎஃப்எஸ் ஃபைல் சிஸ்டத்துக்கு மாற்றினேன். உள்ளே இருந்த கேம்கள் அழியவில்லை. நடுவில் வால்யூம் லேபிள் கேட்கும். டிரைவின் பெயரை உள்ளபடியே டைப் செய்ய வேண்டும், இல்லாவிட்டால் வேலை நடக்காது. எக்ஸ்ஃபேட் என்ற வேறொரு ஃபைல் சிஸ்டம் உள்ள டிரைவுக்கு இந்தக் கட்டளை உதவாது, ஆனால் அதில் 4 ஜிபி தொல்லையும் இல்லை.

பிறகு லாஞ்சரிலேயே (கேம்களை நிறுவி இயக்கும் ஆப்) ‘மூவ்’ கொடுத்தேன். தடையில்லாமல் முடிந்தது. அப்பாடா!