பென்சில்வேனியா பள்ளியில் வாலண்டியர் ஆக கிளியரன்ஸ் எடுக்கிறீர்களா? இந்தத் தவறுகளைச் செய்யாதீர்கள்

மகள் இரண்டாம் வகுப்பு படித்தபோது அவளுடைய ஃபீல்ட் ட்ரிப்புக்குத் துணையாக வருகிறேன் என்று பேர் கொடுத்திருந்தேன். "எங்கம்மாவும் பஸ்ல வர்றாங்க" என்று ஒரு வாரமாக எல்லாரிடமும் சொல்லிக்கொண்டிருந்தாள். கிளம்ப இரண்டு நாள் இருக்கும்போது பள்ளி அலுவலகத்திலிருந்து போன் வந்தது, வாலண்டியர்களிடம் கேட்கும் பின்னணிச் சோதனைச் சான்றிதழ்களில் (இவற்றைத்தான் கிளியரன்ஸ் என்கிறார்கள்) நான் கொடுத்த போலீஸ் தாள் செல்லாதாம். எடுத்துப் பார்த்தால் அது சான்றிதழே இல்லை, "பதிவு எதுவும் இல்லை" என்று திரையில் வந்த பக்கத்தை அப்படியே பிரிண்ட் எடுத்துக் கொடுத்திருக்கிறேன். சரியான தாளை அன்றைக்கே எடுத்துவிட்டேன், ஆனால் அதற்குள் பட்டியலை முடித்துவிட்டார்கள். அவள் முகம் இன்னும் நினைவிருக்கிறது.

அதற்கப்புறம் எங்கள் பக்கம் குடிவந்த பல குடும்பங்களோடு உட்கார்ந்து இந்தப் படிவங்களை நிரப்பியிருக்கிறேன். அதில் ஒருவருக்குக்கூடக் குற்றப் பின்னணியால் தடை வந்து நான் பார்க்கவில்லை. நம் ஆட்கள் தடுக்கி விழுவதெல்லாம் படிவத்தில்தான். ஒன்று மட்டும் முதலிலேயே சொல்லிவிடுகிறேன், நான் எழுதுவது பென்சில்வேனியாவுக்கு மட்டும். மாநிலத்துக்கு மாநிலம் விதி வேறு, ஆற்றுக்கு அந்தப் பக்கம் நியூ ஜெர்சியில் எடுத்த தாளை இங்கே கொண்டுவந்து கொடுத்தால் வேலைக்கு ஆகாது.

"என் பிள்ளை படிக்கிற பள்ளிக்கு நான் போக எதற்கு போலீஸ் சான்றிதழ், என்மேல் சந்தேகமா" என்று சில அப்பாக்கள் கோபப்படுவார்கள். அதற்குக் காரணம் உண்டு. பென் ஸ்டேட் பல்கலைக்கழகத்தின் முன்னாள் அமெரிக்கக் கால்பந்துப் பயிற்சியாளர் ஜெர்ரி சாண்டஸ்கி 2011-ல் கைதானார், 2012-ல் சிறுவர்களைப் பாலியல் வன்கொடுமை செய்த வழக்கில் 45 குற்றச்சாட்டுகள் நிரூபணமாயின. அந்தப் பையன்கள் அவருக்கு அறிமுகமானது அவரே தொடங்கிய தொண்டு நிறுவனம் வழியாக. அதாவது, சேவை செய்கிறவர் என்று ஊரே நம்பிய ஒருவர். அதற்குப் பின் மாநிலம் குழந்தைப் பாதுகாப்புச் சட்டங்களை வரிசையாகத் திருத்தியது, 2014, 2015 ஆண்டுகளின் திருத்தங்களில் வாலண்டியர்களுக்கான இன்றைய விதிகள் வந்தன. நம் பிள்ளைகளோடு பஸ்ஸில் வரும் அடுத்த வீட்டுக்காரரும் இதே தாள்களைக் கொடுத்துவிட்டுத்தான் வருகிறார் என்பது எனக்குப் பெரிய நிம்மதி.

சரி, தாள்கள் மூன்று. மாநிலப் போலீஸின் குற்றப் பதிவுச் சான்றிதழ், மனித சேவைகள் துறை தரும் குழந்தை வன்கொடுமைப் பதிவுச் சான்றிதழ், எஃப்.பி.ஐ. கைரேகைச் சோதனை. பிள்ளைகளைக் கவனிக்கும் அல்லது வழிநடத்தும் பொறுப்போடு அடிக்கடி அவர்களோடு இருப்பவருக்குத்தான் சட்டப்படி இவை கட்டாயம். ஆனால் "நான் வருஷத்துக்கு ஒருநாள் கப்கேக் கொடுக்கத்தான் போகிறேன், எனக்கு வேண்டாம்" என்று நீங்களாக முடிவு செய்யாதீர்கள். சட்டம் கேட்பதைவிடக் கூடுதலாகக் கேட்க ஸ்கூல் டிஸ்ட்ரிக்டுக்கு (ஒரு பகுதியின் அரசுப் பள்ளிகளை நடத்தும் அமைப்பு) உரிமை உண்டு, பல டிஸ்ட்ரிக்ட்கள் கேட்கவும் செய்கின்றன. முதலில் அவர்களுடைய வாலண்டியர் விதிகளைப் படியுங்கள்.

போலீஸ் சான்றிதழிலும் குழந்தை வன்கொடுமைச் சான்றிதழிலும் முதல் தவறு, நோக்கம் என்ற இடத்தில் "வேலைவாய்ப்பு" என்று தேர்ந்தெடுப்பது. வேலைக்கு என்றால் போலீஸுக்கு 22 டாலர், மற்றதற்கு 13 டாலர். வாலண்டியருக்கு இரண்டுமே இலவசம் (குழந்தை வன்கொடுமைச் சான்றிதழ் 57 மாதத்துக்கு ஒருமுறை இலவசம்). ஆகவே திரை உங்களிடம் கார்டு நம்பர் கேட்டால் அங்கேயே நில்லுங்கள். தவறான பொத்தானை அழுத்தியிருக்கிறீர்கள், அல்லது அரசின் தளமே இல்லாத வேறெங்கோ போயிருக்கிறீர்கள். கட்டிய பணம் திரும்ப வராது.

போலீஸ் தளத்தில் பெரும்பாலும் உடனே பதில் வந்துவிடும், அதனாலேயே என்னைப் போல அவசரப்பட்டு அந்தப் பக்கத்தையே பிரிண்ட் எடுத்துவிடுகிறோம். உங்கள் விண்ணப்பத்துக்குத் தரும் கட்டுப்பாட்டு எண்ணைச் சொடுக்கி உள்ளே போனால் சான்றிதழுக்குத் தனி இணைப்பு இருக்கும், முத்திரையோடு வருகிற அந்தத் தாள்தான் வேண்டும். சிலருக்குப் "பரிசீலனையில்" என்று வந்து சில வாரங்கள் ஆகலாம். பயப்படாதீர்கள், அதே பேரில் வேறொருவருக்குப் பதிவு இருந்தாலும் அப்படி வரும்.

நம் ஆட்களுக்கு அதிகம் சிக்கல் தருவது குழந்தை வன்கொடுமைச் சான்றிதழ். 1975-லிருந்து நீங்கள் வாழ்ந்த எல்லா முகவரிகளையும், உங்களோடு ஒரே வீட்டில் வாழ்ந்த எல்லாருடைய பெயர்களையும் அது கேட்கிறது. அந்த ஆண்டில்தான் மாநிலத்தின் குழந்தைப் பாதுகாப்புச் சேவைகள் சட்டம் வந்தது, அதனால் அந்தக் கணக்கு. 1985-ல் பிறந்தவர் என்றால் பிறந்த வீட்டிலிருந்து எழுத வேண்டும், பெற்றோர், கூடப்பிறந்தவர்கள், கூட்டுக் குடும்பம் என்றால் தாத்தா பாட்டி சித்தப்பா, கல்லூரி விடுதி, திருவான்மியூரில் நாலு பேராகத் தங்கிய அறை, அமெரிக்கா வந்ததும் பங்குபோட்ட அபார்ட்மென்ட், எல்லாமே. "இந்தியாவில் இருந்ததெல்லாம் இவர்களுக்கு எதற்கு" என்று இப்போதைய வீட்டையும் கணவரையும் மட்டும் எழுதி அனுப்புகிறவர்கள் நிறையப் பேர். படிவம் இந்தியாவுக்கு விலக்கு என்று சொல்லவில்லை. முப்பது வருஷத்துக்கு முந்தைய கதவு எண் ஞாபகம் இல்லையென்றால் தெரு, ஊர், மாவட்டம் வரை எழுதுங்கள். திரையைத் திறப்பதற்கு முன்னால் ஊருக்கு ஒரு போன் போட்டு அம்மாவிடம் கேட்டு வருஷவாரியாக ஒரு தாளில் எழுதி வைத்துக்கொண்டால் அரைமணி நேரத்தில் முடியும், இல்லாவிட்டால் பாதியில் விட்டுவிட்டு எழுந்துவிடுவீர்கள். தெரிந்தே பொய் எழுதுவது குற்றம் என்பதையும் மறக்க வேண்டாம். இந்தச் சான்றிதழுக்கு 14 நாள் வரை ஆகும்.

அடுத்தது பேர். இதை நம்மைத் தவிர யாரும் நமக்குச் சொல்லித்தர மாட்டார்கள். இந்தியப் பாஸ்போர்ட்டில் குடும்பப் பெயர் இடம் காலியாக இருந்தால் அமெரிக்க விசாவில் நம் பேரே குடும்பப் பெயராகி, முதல் பெயர் இடத்தில் எஃப்.என்.யு. ("முதல் பெயர் தெரியவில்லை" என்பதன் ஆங்கிலச் சுருக்கம்) என்று வந்து உட்காரும். ஓட்டுநர் உரிமத்தில் வேறு மாதிரி, பள்ளியில் பிள்ளையைச் சேர்த்தபோது கணவர் பேரைக் கடைசியில் போட்டு இன்னொரு மாதிரி, ஊர்ச் சான்றிதழில் இனிஷியலோடு வேறொரு மாதிரி. மூன்று கிளியரன்ஸிலும் மூன்று பேர் இருந்தால் மூன்றும் ஒரே ஆளுடையவை என்று அலுவலகத்தில் இருப்பவருக்கு எப்படித் தெரியும்? கைரேகை எடுக்கும் இடத்தில் எந்த அடையாள அட்டையைக் காட்டப்போகிறீர்களோ அதில் உள்ள எழுத்துக்கள் அப்படியே மூன்றிலும் இருக்கட்டும், மற்ற வடிவங்களை "முன்பு பயன்படுத்திய பெயர்கள்" என்ற இடத்தில் எழுதுங்கள். கல்யாணத்துக்கு முன்பிருந்த பேரும், இனிஷியலை விரித்து எழுதிய பேரும் அங்கேதான் போக வேண்டும்.

எச்-4 விசாவில் (வேலை விசாவில் வந்தவரின் குடும்பத்துக்கான விசா) இருக்கும் அம்மாக்கள் அமெரிக்க அரசு தரும் சோஷியல் செக்யூரிட்டி எண் இல்லையே என்று தயங்கிப் பின்வாங்குவதைப் பார்க்க எனக்கு வருத்தமாக இருக்கும். அந்த எண்ணைத் தருவது கட்டாயம் இல்லை. காலியாக விடுங்கள். கணவருடைய எண்ணைப் போடுவது, வரி கட்டும் எண்ணைப் போடுவது, ஒன்பது பூஜ்யம் போடுவது எதுவும் வேண்டாம்.

எஃப்.பி.ஐ. சோதனைக்கு மட்டும் பணம் கட்ட வேண்டும், அதனால் அது உங்களுக்குத் தேவையா என்று முதலில் பாருங்கள். கடந்த 10 ஆண்டுகளும் தொடர்ந்து பென்சில்வேனியாவில் இருந்தவர் என்றால், வாலண்டியர் ஆகவிடாமல் தடுக்கும் குற்றம் எதிலும் தண்டனை பெறவில்லை என்று ஓர் உறுதிமொழியில் கையெழுத்துப் போட்டால் போதும். இங்கே குடிவந்த பிறகு வாலண்டியருக்காக ஒருமுறை எடுத்திருந்தால் அந்தத் தாளின் நகலையே தொடர்ந்து காட்டலாம், ஆகவே அதைத் தொலைத்துவிடாதீர்கள். கைரேகைக்கு, அதை எடுக்கும் ஐடென்டோகோ நிறுவனத்தின் மையத்தில் முன்பதிவு செய்யும்போது ஒரு சேவைக் குறியீடு கேட்கும். பள்ளி ஊழியருக்கு ஒன்று, வாலண்டியருக்கு வேறொன்று. ஊழியர் குறியீட்டில் ரேகை வைத்துவிட்டு வந்தவர்கள் திரும்பவும் பணம் கட்டி, திரும்பவும் போய் வைத்திருக்கிறார்கள். குறியீட்டைத் தோழியிடம் கேட்காதீர்கள், டிஸ்ட்ரிக்டின் தாளிலிருந்து எழுதிக்கொள்ளுங்கள். சான்றிதழ் தபாலில் வீட்டுக்கு வரும் என்பதால் வீடு மாறும் வேளையில் இதைத் தொடங்க வேண்டாம்.

அடிக்கடி போகிறவர்களிடம் காசநோய்ச் சோதனையும் கேட்பார்கள். நமக்கெல்லாம் சின்ன வயதில் காசநோய்த் தடுப்புக்கான பி.சி.ஜி. ஊசி போட்டிருப்பதால் தோலில் குத்திப் பார்க்கும் சோதனை நோய் இல்லாமலே வீங்கிக் காட்டலாம். டாக்டரிடம் அதைச் சொல்லி ரத்தப் பரிசோதனையாகவே எடுத்துக்கொள்ளுங்கள்.

எல்லாம் கைக்கு வந்தாலும் அடுத்த நாளே உள்ளே விடமாட்டார்கள். பல டிஸ்ட்ரிக்ட்களில் வாலண்டியர் பட்டியல் மாதாந்திரப் பள்ளி வாரியக் கூட்டத்தில் ஒப்புதல் ஆக வேண்டும், ஒரு கூட்டத்தைத் தவறவிட்டால் ஒரு மாதம் போச்சு. மே மாத ட்ரிப்புக்கு ஏப்ரலில் ஓடாமல், ஆகஸ்டில் பை, பென்சில் வாங்கும்போதே விண்ணப்பித்துவிடுங்கள்.

தாள்கள் 60 மாதம் செல்லும், ஆனால் அந்தக் கணக்கு மூன்றில் பழைய தேதியிலிருந்து ஓடும் (மேலே சொன்ன எஃப்.பி.ஐ. நகலுக்கு மட்டும் இது பொருந்தாது). வாலண்டியராக எடுத்ததை வைத்துச் சம்பள வேலைக்குச் சேர முடியாது. வேலை அனுமதி வந்து அதே பள்ளியில் மதிய உணவு நேரத்தில் பிள்ளைகளைப் பார்த்துக்கொள்ளும் வேலை கிடைத்தாலும் பணம் கட்டிப் புதிதாக எடுக்க வேண்டும். இடையில் சட்டம் குறிப்பிடும் குற்றங்களில் எதற்காவது கைது, தண்டனை என்று ஏதாவது நடந்தால் 72 மணி நேரத்துக்குள் எழுத்தில் பள்ளிக்குத் தெரிவிக்க வேண்டும்.

நான் மூன்றையும் ஸ்கேன் செய்து, கோப்பின் பெயரிலேயே தேதியைப் போட்டு வைத்திருக்கிறேன். அசல் தாள்கள் பாஸ்போர்ட் வைக்கும் அதே உறையில் இருக்கின்றன.