கிணற்றடியில் ஹொட் டப்: கரண்ட் வேலை எப்படிச் செய்வது?

அம்மாவின் முழங்கால் நோவுக்கென்று லண்டனிலிருந்து அக்கா காற்றடிக்கும் ஹொட் டப் ஒன்றை அனுப்பினா. கிளிநொச்சி வெயிலுக்குச் சுடுதண்ணித் தொட்டியா என்று அயலில் சிரித்தார்கள். மார்கழியில் விடிய ஐந்து மணிக்குக் கிணற்றில் குளித்தவர்கள் சிரிக்க மாட்டார்கள். காற்றடிப்பது, தண்ணீர் நிரப்புவதெல்லாம் பெட்டியில் உள்ள படத்தைப் பார்த்தாலே விளங்கும். நான் மாட்டுப்பட்டது கரண்ட் வேலையில், அதைத்தான் எழுதுகிறேன்.

முதலில் கணக்கு

ஹீட்டரில் ஒட்டியிருக்கும் லேபிளைப் பாருங்கள். என்னுடையதில் 220–240 வோல்ட், 50 ஹேர்ட்ஸ், 2000 வாட். 2000ஐ 230ஆல் பிரித்தால் 8.7 ஆம்பியர். எங்களுடையது சிங்கிள் பேஸ் 30 ஆம்பியர் இணைப்பு. கிணற்று மோட்டரும் கேத்தலும் அயன்பொக்ஸும் ஒரே நேரத்தில் ஓடாவிட்டால் தாராளம்.

1000 லீற்றர் தண்ணீர் 28 பாகையிலிருந்து 38க்கு ஏற ஏறத்தாழ 11.6 யூனிட் வேண்டும். ஆறு மணித்தியாலம் பிடிக்கும். பின்னேரத்தில் வோல்டேஜ் 200க்கு இறங்கினால் அதே ஹீட்டர் 1500 வாட்தான் தரும், எட்டு மணித்தியாலம் ஆகிவிடும். நான் மத்தியானமே போட்டுவிடுவேன்.

தனி லைன்

டி.பி. போர்டிலிருந்து (வீட்டின் பிரேக்கர்கள் உள்ள பெட்டி) டப்புக்கென்று தனி லைன், 16 ஆம்பியர் பிரேக்கருடன். 7/0.67 வயர் (0.67 மில்லிமீற்றர் தடிப்பில் ஏழு இழை) போதும் என்பார்கள். கிணற்றடி தூரம் என்றால் 7/0.85 போடுங்கள், காசைப் பார்க்க வேண்டாம். மழை படாத மூடியுள்ள 13 ஆம்பியர் பொயின்ட், தொட்டியிலிருந்து இரண்டு மீற்றராவது தள்ளி. எக்ஸ்டென்ஷன் வயர் கூடவே கூடாது. பழைய 15 ஆம்பியர் பொயின்ட்டில் அடப்டர் குத்தி ஓடவிட்டுப் பார்த்தேன். ஒரு மணித்தியாலத்தில் அடப்டர் கை வைக்க முடியாத சூடு, பிளாஸ்டிக் மணம் வேறு.

எர்த்

பெட்டி வந்தது ஆவணியில். சோளகம் அடித்து நிலம் வெடித்துக் கிடந்தது. தண்ணீருக்குள் கை வைத்தேன், விரல் நுனியில் சுரீர் என்றது. கரண்ட் ஒழுகினால் தானாக விழ வேண்டிய ட்ரிப் சுவிச் விழவில்லை. அதுதான் பழுது என்று புதிதாக ஒன்று வாங்கியும் வந்துவிட்டேன், காசுக்குக் கேடு. வயரிங் செய்யும் அண்ணை மீட்டர் வைத்துப் பார்த்துவிட்டுச் சொன்னார்: "தம்பி, ட்ரிப் சுவிச் வேலை செய்யுது. உங்கட எர்த்துதான் வேலை செய்யேல்லை."

ஒழுகும் கரண்டை நிலத்துக்குள் இறக்கவென்று சுவரோரக் கிரவலில் அடித்திருந்த எர்த் ரொட்டின் தடை மிகக் கூடியிருந்தது. ஒழுகும் கரண்ட் நிலத்துக்குள் இறங்க வழியில்லாமல் என் கையால் இறங்கப் பார்த்திருக்கிறது. ஒழுகியது சுவிச் விழும் 30 மில்லிஆம்பியர் வரை போகாததால் அது அசையவில்லை. மாரியில் நிலம் நனைந்திருக்கும்போது இது தெரிய வராது. அதனால் எர்த்தைக் கோடையில்தான் அளக்க வேண்டும்.

கிணற்றடித் தண்ணீர் ஓடும் வாழையடியில், வருடம் முழுக்க ஈரமான இடத்தில், இரண்டு ரொட் அடித்தோம். ஒன்றுக்கொன்று ஒரு ரொட் நீளமாவது இடைவெளி. பச்சை மஞ்சள் வயரால் பழைய எர்த்துடன் அண்ணை இணைத்தார். 18 ஓமுக்கு வந்தது. சரி, இனி ட்ரிப் சுவிச் எதற்கு என்று நினைக்காதீர்கள். லைன் நேரே எர்த்தில் பட்டாலும், 230ஐ 18ஆல் பிரித்தால் 12.8 ஆம்பியர்தான். 16 ஆம்பியர் பிரேக்கர் அதற்கு விழாது. உயிரைக் காப்பது அந்த 30 மில்லிஆம்பியர் சுவிச்தான். ரொட் அடிப்பதை நீங்கள் செய்யலாம், இணைப்பதை வேலை தெரிந்தவரிடம் விடுங்கள்.

பின்னர் சேர்த்தது: ரொறன்ரோவில் இருந்து தம்பி அனுப்பிய டப்பைக் குத்தலாமா என்று ஒருவர் கேட்டிருந்தார். லேபிளில் 120 வோல்ட், 60 ஹேர்ட்ஸ் என்றால் நேரே குத்த வேண்டாம். ஹீட்டர் மூன்றரை மடங்குக்கு மேல் சூட்டைக் கக்கும். ட்ரான்ஸ்போமர் வைத்தால் வோல்டேஜ் சரிவரும், ஹேர்ட்ஸ் மாறாது, பம்ப் மெதுவாகத்தான் சுற்றும். என்னைக் கேட்டால், விற்றுவிட்டு 230 வோல்ட் டப் ஒன்றை வாங்குங்கள்.

இன்னொன்று: "இரவு போட்டேன், விடியப் பச்சைத் தண்ணி" என்று இரண்டு பேர் எழுதியிருந்தார்கள். டப்பின் பிளக்கோடு வரும் சின்னப் பெட்டியிலும் ஒரு ட்ரிப் சுவிச் இருக்கிறது. பல டப்புகளில் கரண்ட் போய் வந்தால் அது தானாக மீளாது, ரீசெட் பொத்தானை அமத்த வேண்டும். எங்கள் வீட்டில் கரண்ட் வந்ததும் அம்மாவே போய் அமத்திவிட்டு வருவா.